கோடா, கோணமா?

பெற்றோரே, பாடசாலை விட்டு வந்த உங்கள் மகள் கணிதக் கொப்பியை விரித்து வைத்துக்கொண்டு, "உம்மா, இது நேர்கோடுதானே? இதைப் போய் ஏன் கோணம் என்கிறார்கள்? மூலையே இல்லையே!" என்று கேட்டால் என்ன சொல்வீர்கள்? நம்மில் அநேகர் "புத்தகத்தில் அப்படித்தான் இருக்கிறது, பாடமாக்கிக்கொள்" என்று சொல்லிவிட்டு அடுப்படிக்குப் போய்விடுவோம். பிள்ளையும் பாடமாக்கிக்கொள்ளும். நேர்கோணம் 180 பாகை என்று கேட்டவுடன் ஒப்புவிக்கும். ஆனால் அந்தக் கேள்வி மட்டும் உள்ளேயே கிடக்கும். இரண்டு மூன்று வருடங்கள் கழித்துத் தேற்றங்களும் நிறுவல்களும் வரும்போது, "எனக்குக் கணக்கு வராது" என்ற வார்த்தையாக அது வெளியே வரும்.

கணிதம் க.பொ.த. சாதாரண தரத்தில் கட்டாய பாடம். விரும்பாவிட்டாலும் விட்டுவிட முடியாது. கேத்திர கணிதத்தில் பிள்ளைகள் தடுமாறும் இடங்களைப் பின்னோக்கித் தேடிக்கொண்டு போனால், பெரும்பாலும் கோணம் என்றால் என்ன என்ற முதற் பாடத்திலேயே வந்து நிற்போம். அதனால்தான் இந்த மாதம் நேர்கோணம் என்ற ஒன்றை மட்டும் எடுத்துக்கொள்கிறோம்.

முதலில் ஒன்று. பிள்ளை கேட்ட கேள்வி அசட்டுக் கேள்வி அல்ல. கி.மு. 300 அளவில் அலெக்சாந்திரியாவில் இருந்து கேத்திர கணிதத்தை ஒழுங்குபடுத்தித் தந்தவர் யூக்கிளிட். 'மூலகங்கள்' என்று வழங்கும் அவருடைய நூலின் முதற் பகுதியில் கோணத்துக்கு வரைவிலக்கணம் சொல்லுமிடத்தில், ஒன்றையொன்று சந்திக்கின்ற, ஆனால் ஒரே நேர்கோட்டில் அமையாத இரண்டு கோடுகளின் சாய்வே கோணம் என்கிறார். அதாவது நேர்கோணத்தை அவர் கோணங்களின் பட்டியலிலேயே சேர்க்கவில்லை! தேவைப்பட்ட இடங்களில் எல்லாம் 'இரண்டு செங்கோணங்கள்' என்றே எழுதிக்கொண்டு போனார். உங்கள் மகளுக்கு வந்த சந்தேகம் யூக்கிளிட்டின் கருத்தோடு ஒத்துப்போகிறது என்று அவளிடம் சொல்லிப் பாருங்கள், முகம் எப்படி மலர்கிறதென்று.

அப்படியானால் இன்றைய பாடப் புத்தகம் ஏன் அதைக் கோணம் என்கிறது? யூக்கிளிட் கோணத்தைச் சாய்வாகப் பார்த்தார். நாம் இன்று அதைத் திரும்பலின் அளவாகப் பார்க்கிறோம். வித்தியாசம் இவ்வளவுதான். ஆனால் இந்த வித்தியாசத்தை எடுத்துச் சொல்லாமல் நேரே 180 பாகைக்குப் போவதாற்றான் பிள்ளை குழம்புகிறது. கோணம் என்றால் கூரான மூலை என்றுதான் அது நினைத்துக்கொண்டிருக்கிறது. நம்முடைய தமிழ்ச் சொல்லும் அதற்குக் கொஞ்சம் துணை போகிறது. கோணல் என்றால் வளைவு, நேர் என்றால் வளையாதது. வளையாத கோணல் எப்படி இருக்க முடியும் என்று பிள்ளை மயங்குவதில் தவறில்லை.

ஒரு புத்தகத்தைக் கையில் எடுங்கள். மூடியிருக்கும்போது இரண்டு அட்டைகளும் ஒன்றன்மேல் ஒன்று கிடக்கின்றன. இனி முன் அட்டையை மெல்லத் திறவுங்கள். கொஞ்சம் திறந்தால் கூர்ங்கோணம். அட்டை நிமிர்ந்து நின்றால் செங்கோணம். இன்னும் சாய்ந்தால் விரிகோணம். முழுவதும் திறந்து மேசையில் படிந்தால்? இரண்டு அட்டைகளும் இப்போது ஒரே நேரில் இருக்கின்றன. மூலை காணாமற் போய்விட்டது. ஆனால் அட்டை திரும்பிய திரும்பல் காணாமற் போகவில்லை. அரைச் சுற்றுத் திரும்பியிருக்கிறது. அந்த அரைச் சுற்றுத்தான் நேர்கோணம். 'திரும்பு' என்ற சொல்லைப் பிள்ளை விளங்கிக்கொண்டால், நேர்கோணத்தையும் தாண்டிய பின்வளைகோணத்துக்கும் அது பயப்படாது. கதவு, பனையோலை விசிறி, வாசல் கேற் எதை வைத்தும் இதைக் காட்டலாம். புத்தகம் மிகவும் வசதி, கொப்பிக்குப் பக்கத்திலேயே இருக்கிறது.

கோட்டுக்கும் நேர்கோணத்துக்கும் உள்ள வேறுபாட்டையும் இங்கேயே சொல்லிவிடுங்கள். ஒரு தாளில் வெறும் நேர்கோடு ஒன்று கீறினால் அது கோடு மட்டுமே. அந்தக் கோட்டில் நடுவே எங்காவது ஒரு புள்ளி வைத்து 'ம' என்று பெயரிடுங்கள். ஒரு முனைக்குக் 'க', மறுமுனைக்குப் 'ப'. இப்போது 'ம' என்ற உச்சியில் நின்று 'க' பக்கம் பார்க்கும் ஒருவர் 'ப' பக்கம் பார்க்க எவ்வளவு திரும்ப வேண்டும்? அரைச் சுற்று. கமப என்பது கோணமாகிவிட்டது. உச்சியும் அதிலிருந்து புறப்படும் இரண்டு புயங்களும் வந்துவிட்டன அல்லவா? உச்சியைக் குறிக்காதவரை அங்கே கோணம் பற்றிப் பேச்சில்லை. பரீட்சைத் தாளில் உச்சி எது என்று பார்க்காமலேயே கோணத்துக்குப் பெயர் எழுதிப் புள்ளியை இழக்கும் பிள்ளைகள் பலர்.

180 என்ற எண் எங்கிருந்து வந்தது என்றும் கேட்பார்கள். முழுச் சுற்றை 360 பாகையாகப் பிரித்த வழக்கம் பாபிலோனியரின் அறுபதை அடியாகக் கொண்ட எண்முறையோடு தொடர்புடையது. கி.பி. இரண்டாம் நூற்றாண்டில் அலெக்சாந்திரியாவில் வாழ்ந்த தொலமியின் வானியல் நூலில் அந்தப் பிரிவு முறையாகக் கையாளப்பட்டது. அந்நூல் அரபு மொழிக்கு வந்து, அங்கிருந்து உலகெங்கும் பரவியது. 360ஐ மீதியின்றி வகுக்கும் எண்கள் 24 இருக்கின்றன. பாதி, மூன்றிலொன்று, நாலிலொன்று, ஐந்திலொன்று, ஆறிலொன்று எல்லாம் முழு எண்ணாகவே வரும். 100 என்று வைத்திருந்தால் மூன்றிலொரு பங்குக்கே தசமம் எழுத வேண்டியிருக்கும். 360இன் பாதி 180. அவ்வளவுதான்.

பாகைமானியைப் பற்றியும் ஒரு வார்த்தை. கணிதப் பெட்டியில் இருக்கும் அந்த அரைவட்டப் பிளாத்திக்குத் துண்டு முழுவதுமே ஒரு நேர்கோணம். இடமிருந்து வலமாக ஒரு வரிசை எண்களும், வலமிருந்து இடமாக இன்னொரு வரிசையும் அதில் இருக்கும். 50 பாகையை 130 என்று வாசிப்பதும், 130ஐ 50 என்று வாசிப்பதும் இந்த இரட்டை வரிசையால் வரும் வினை. ஒரே கோட்டில் மேலேயும் கீழேயும் இருக்கும் இரண்டு எண்களைக் கூட்டிப் பார்க்கச் சொல்லுங்கள். எங்கே பார்த்தாலும் 180தான் வரும். ஏன் என்று கேளுங்கள். பதில் சொல்லிவிட்டால் பாடத்தின் பாதி முடிந்தது.

ஏனென்றால் அடுத்து வரும் உண்மை அதுவேதான். ஒரு நேர்கோட்டின்மேல் இன்னொரு கோடு வந்து நின்றால், அங்கே உண்டாகும் அடுத்துள்ள கோணங்கள் இரண்டும் சேர்ந்து இரண்டு செங்கோணங்கள். யூக்கிளிட்டின் முதற் பகுதியில் இது 13ஆவது. ஒரு கோணம் 47 என்றால் மற்றது 133. கழித்தல் தெரிந்த பிள்ளைக்கு இது ஒன்றுமேயில்லை. ஆனால் விடையை மட்டும் எழுதினால் போதாது, காரணமும் எழுத வேண்டும். 'நேர்கோட்டில் அமைந்த அடுத்துள்ள கோணங்கள்' என்று எழுதத் தெரியாமல் விடையை மட்டும் போட்டுவிட்டு வரும் பிள்ளைகளைப் பற்றி ஆசிரியர்களைக் கேட்டால் கதை கதையாகச் சொல்வார்கள்.

14ஆவது இதன் மறுதலை. இரண்டு அடுத்துள்ள கோணங்கள் சேர்ந்து 180 ஆகுமானால், வெளிப் புயங்கள் இரண்டும் ஒரே நேர்கோட்டில் இருக்கும். 13க்கும் 14க்கும் என்ன வித்தியாசம், இரண்டும் ஒன்றுதானே என்று பிள்ளை கேட்கும். இதற்கு ஓடாவியின் வேலைத்தலத்துக்குத்தான் போக வேண்டும்.

தச்சு வேலை செய்பவர் கையில் ஒரு மூலைமட்டம் இருக்கும். கடையில் வாங்கியதுதான், ஆனால் விழுந்தெழும்பி, அடிபட்டு, அது சரியான செங்கோணம்தானா என்று சந்தேகம் வரும். சரிபார்க்க இன்னொரு மூலைமட்டம் தேவையில்லை. நேரான விளிம்புள்ள பலகை ஒன்றை எடுத்து, மூலைமட்டத்தை விளிம்பில் வைத்து ஒரு கோடு கீறுவார். பிறகு அதைப் புரட்டி, மறுபக்கமிருந்து அதே புள்ளியில் வைத்து இன்னொரு கோடு கீறுவார். இரண்டு கோடுகளும் ஒன்றன்மேல் ஒன்று விழுந்தால் மூலைமட்டம் சரி. விழாமல் நடுவே இடைவெளி விட்டால் பிழை.

காரணம் இதுதான். பலகையின் விளிம்பு ஒரு நேர்கோணம், 180. மூலைமட்டம் 90 ஆக இருந்தால் இரண்டு முறை வைக்க 180 நிரம்பிவிடும். அது 89 ஆக இருந்தால் இரண்டும் சேர்ந்து 178. மிச்சம் 2 பாகை இடைவெளியாகக் கண்ணுக்குத் தெரியும். ஒரு பாகைப் பிழை இரண்டு பாகையாகப் பெருகித் தன்னைத் தானே காட்டிக்கொடுக்கிறது. 30 சென்ரிமீற்றர் நீளமான மூலைமட்டமென்றால் கோடுகளின் நுனியில் ஏறக்குறைய ஒரு சென்ரிமீற்றர் இடைவெளி. ஒரு பாகைதானே என்று விட்டுவிட முடியாது. 12 அடிச் சுவரொன்றை ஒரு பாகை பிசகிக் கட்டினால் மறுமுனையில் சுமார் இரண்டரை அங்குலம் வெளியே போயிருக்கும். தரைக்கு ஓடு பதிக்கும்போதுதான் வீட்டுக்காரருக்கு அது தெரியவரும்.

விளிம்பு நேர் என்று தெரிந்துகொண்டு கோணத்தைச் சோதிப்பது 13ஆவது. கோணங்கள் செங்கோணம் என்று தெரிந்துகொண்டு, இரண்டைப் பக்கம் பக்கமாக வைத்து நேரான கோடு ஒன்றைப் பெறுவது 14ஆவது. ஒன்றில் கோடு சாட்சி, மற்றதில் கோணம் சாட்சி. மகன் கணிதப் பெட்டி வைத்திருந்தால், அதிலுள்ள மூலைமட்டத்தையே இப்படிச் சோதிக்கச் சொல்லுங்கள். மலிவு விலைப் பெட்டிகளில் சிலவேளை ஆச்சரியம் காத்திருக்கும்.

தையல் தெரிந்த தாய்மாருக்கு இன்னொரு வழி. ஓரங்கள் கன்னாபின்னாவென்று கிழிந்த பத்திரிகைத் தாள் ஒன்றை எடுங்கள். எப்படியாவது ஒரு மடி மடியுங்கள். மடித்த ஓரம் நேர்கோடு. இனி அந்த ஓரம் தன்மேலேயே சரியாகப் படியும்படி இன்னொரு மடி மடியுங்கள். கிடைக்கும் மூலை அச்சொட்டான செங்கோணம். நேர்கோணத்தை இரண்டு சம பங்காக்கிவிட்டீர்கள். துணியில் மூலை பார்த்து வெட்ட இது போதும். கவராயத்தை வைத்துக் கோடொன்றிலுள்ள புள்ளியில் செங்குத்து அமைக்கும் முறையைப் பிள்ளைகள் தனியாகப் பாடமாக்குகிறார்கள், கோணத்தை இருசமகூறாக்கும் முறையை வேறாகப் பாடமாக்குகிறார்கள். இரண்டும் ஒரே அமைப்பு. முதலாவதில் இருகூறாக்கப்படுவது நேர்கோணம், அவ்வளவே. இதைச் சொல்லிக்கொடுத்தால் பாடமாக்க ஒன்று குறையும்.

குத்தெதிர்க் கோணங்கள் சமம் என்பதையும் இதே வழியில் முடித்துவிடலாம். கத்தரிக்கோலை விரித்துப் பிடியுங்கள். வாய் எவ்வளவு விரிகிறதோ பிடியும் அவ்வளவு விரிகிறது. இரண்டு கோணங்களுமே பக்கத்திலிருக்கும் ஒரே கோணத்தோடு சேர்ந்து 180 ஆகின்றன. ஆகவே இரண்டும் சமம். வேறு நிறுவல் வேண்டாம்.

இனி முக்கோணி. முக்கோணியின் மூன்று கோணங்களின் கூட்டுத்தொகை 180 என்று எல்லாப் பிள்ளைக்கும் தெரியும். ஒரு மட்டையில் முக்கோணி வெட்டி, மூன்று மூலைகளையும் கிழித்து, கூர்முனைகளை ஒரு புள்ளியில் சேர்த்து அடுக்கச் சொல்லுங்கள். எந்த முக்கோணியாக இருந்தாலும் அடிப்பக்கம் நேராகிவிடும், நேர்கோணம் உண்டாகிவிடும். பார்க்கப் பார்க்க அலுக்காத வேடிக்கை இது. ஆனால் இது நிறுவல் அல்ல. நூறு முக்கோணிகளைக் கிழித்தாலும் நூற்றோராவது எப்படி இருக்குமோ என்று ஒருவர் கேட்டுவிடலாம். கிழித்த தாளில் அரைப் பாகைப் பிழை கண்ணுக்குத் தெரியவும் மாட்டாது.

நிறுவலுக்கு முக்கோணியின் உச்சியூடாக அடிக்குச் சமாந்தரமாக ஒரு கோடு கீற வேண்டும். அடியிலுள்ள இரண்டு கோணங்களும் ஒன்றுவிட்ட கோணங்களாக மேலே வந்து உச்சிக் கோணத்தின் இரு பக்கமும் உட்கார்ந்துகொள்ளும். மூன்றும் சேர்ந்து அந்தக் கோட்டில் ஒரு நேர்கோணம். தாளைக் கிழித்து அடுக்கியதை இங்கே கிழிக்காமலேயே செய்துவிடுகிறோம்.

இந்த இடத்தில் ஒரு பெரிய கதை ஒளிந்திருக்கிறது. சமாந்தரக் கோடுகளைப் பற்றி யூக்கிளிட் நிறுவாமல் ஏற்றுக்கொண்ட எடுகோள் ஒன்று உண்டு, ஐந்தாவது எடுகோள். இரண்டு கோடுகளை மூன்றாவது கோடு வெட்டும்போது ஒரே பக்கத்து உட்கோணங்கள் இரண்டும் சேர்ந்து நேர்கோணத்துக்குக் குறைவாக இருந்தால், அந்த இரண்டு கோடுகளும் அந்தப் பக்கத்தில் எங்கோ சந்தித்தே தீரும் என்பது. 'மூலகங்கள்' கி.பி. ஒன்பதாம் நூற்றாண்டில் அரபு மொழிக்குப் பெயர்க்கப்பட்டது. அதன்பின் இந்த எடுகோளை மற்றவற்றைக் கொண்டு நிறுவிவிட முடியாதா என்று தாபித் இப்னு குர்ரா, இப்னுல் ஹைஸம் போன்றோர் முயன்றார்கள். கவிஞராக மட்டுமே நம்மில் பலர் அறிந்த உமர் கையாம் (1048-1131) 1077இல் இதற்கென்றே ஒரு நூல் எழுதினார். அடியின் இரு முனைகளிலும் சமமான இரண்டு செங்குத்துகளை நிறுத்தி, அவற்றின் தலைகளைத் தொடுத்து ஒரு நாற்பக்கலை அமைத்தார். மேலிருக்கும் இரண்டு கோணங்களும் சமம்; ஆனால் அவை செங்கோணமா, கூர்ங்கோணமா, விரிகோணமா? செங்கோணமே என்று காட்டிவிட்டால் முக்கோணியின் மூன்று கோணங்களும் நேர்கோணமாகிவிடும். அவர் காட்டினார், ஆனால் வேறோர் எடுகோளைத் துணைக்கு வைத்துக்கொண்டே காட்டினார். அடுத்த நூற்றாண்டுகளில் நசீருத்தீன் தூஸியும் (1201-1274) இதில் உழைத்தார். தூஸியின் பெயரில் அரபு நூலொன்று 1594இல் ரோம் நகரில் அச்சேறியது. அது அவர் இறந்தபின் 1298இல் எழுதப்பட்டது என்று இன்று ஆய்வாளர் கண்டிருக்கிறார்கள். அந்தக் கருத்துகள் ஐரோப்பாவில் சாக்கேரி என்ற இத்தாலியரை எட்டின. 1733இல் வெளிவந்த அவரது நூலிலும் உமர் கையாமின் அதே நாற்பக்கல் நிற்கிறது.

முடிவு என்ன ஆயிற்று? அந்த எடுகோளை மற்றவற்றிலிருந்து நிறுவவே முடியாது. 1829இல் ரஷ்யாவின் லொபச்செவ்ஸ்கியும், 1832இல் ஹங்கேரியின் போல்யாயும், முக்கோணியின் கோணங்கள் நேர்கோணத்துக்குக் குறைவாக வரும் வேறொரு கேத்திர கணிதத்தையே முரண்பாடு காணாமல் கட்டிக் காட்டினார்கள்.

கூடுதலாக வருவதை நம் பிள்ளைகளே காணலாம். பூகோள உருண்டையை எடுத்து, இலங்கையூடாகச் செல்லும் கிழக்கு 80 பாகை நெடுங்கோட்டில் வடதுருவத்திலிருந்து மத்திய கோடு வரை விரலை ஓட்டச் சொல்லுங்கள். அங்கிருந்து மத்திய கோட்டின் வழியே மேற்கே திரும்பி, ஆபிரிக்காவைக் கடந்து மேற்கு 10 பாகை நெடுங்கோடு வரை. பிறகு அதன் வழியே மீண்டும் வடதுருவம். முக்கோணி முடிந்தது. மூன்று மூலைகளும் செங்கோணங்கள், மொத்தம் 270 பாகை! தட்டையான கொப்பித் தாளில்தான் முக்கோணி நேர்கோணத்தில் அடங்கும்.

சின்னப் பிள்ளைகளுக்கு இவ்வளவு தூரம் வேண்டாம். அவர்களுக்குச் சுவர் மணிக்கூடு போதும். 6 மணிக்கு இரண்டு முட்களும் நேர்கோணத்தில் நிற்கும். 12.30க்கும் அப்படித்தான் என்று அநேகமாக எல்லாரும் சொல்வார்கள். அந்நேரம் மணி முள் 12க்கும் 1க்கும் நடுவே நகர்ந்துவிட்டிருக்கும், கோணம் 165 பாகைதான். இன்னும் இரண்டே முக்கால் நிமிடமளவில் பொறுத்தால் 180 ஆகும். இனி, 12 மணித்தியாலத்தில் முட்கள் எத்தனை முறை நேர்கோணமாகின்றன என்று கேளுங்கள். மணிக்கு ஒன்று, ஆகவே 12 என்று பதில் வரும். அப்படி வந்தால், முட்களைச் சுற்றக்கூடிய பழைய மணிக்கூடொன்றைக் கையில் கொடுத்து, 5 மணியிலிருந்து 7 மணி வரை மெதுவாகச் சுற்றி எண்ணச் சொல்லுங்கள்.